ஜனவரி 23 விழாக் குழுவினருக்கு ஒரு திறந்த மடல்

நேதாஜி பிறந்தநாள் விழா எடுக்கும் பள்ளிகள், படிப்பகங்கள், ஊர் மன்றங்கள், ஐ.என்.ஏ. (இந்திய தேசிய ராணுவம்) தியாகிகளின் வாரிசுகள் ஆகிய எல்லோருக்கும்,

வணக்கம்.

பொங்கல் முடிந்ததும் ஃபிளெக்ஸ் கடையில் ஆர்டர் கொடுக்கப் போவீர்கள். சீருடை, வட்டக் கண்ணாடி, தூக்கிய கை, கீழே "ரத்தம் கொடுங்கள்". மேடையில் ஒருவர் கட்டாயம் விமான விபத்தைப் பற்றிப் பேசுவார். கூட்டம் நிமிர்ந்து உட்காருவதும் அப்போதுதான். அவர் எப்படிச் செத்தார், செத்தாரா என்பதில் ஒரு மணி நேரம் போய்விடும். 1943 ஜூலை முதல் 1945 ஆகஸ்ட் வரை இருபத்தைந்து மாதங்களுக்கு மேல் அவர் ஒரு படையையும், நாடு இல்லாத ஓர் அரசையும் எப்படி நடத்தினார், அதற்கு யார் ஆள் கொடுத்தார்கள், யார் காசு கொடுத்தார்கள் என்பதற்கு ஐந்து நிமிடம்கூட மிஞ்சாது. ஆள் கொடுத்தவர்களில் பெரும் பங்கு மலாயாத் தோட்டங்களில் ரப்பர் பால் வெட்டிய தமிழர்கள். அவர்களில் பலருக்கு உங்கள் மாவட்டங்கள்தான் பூர்வீகம். இந்த ஆண்டு அந்தக் கணக்கை மாற்றிப் போடுங்கள் என்று கேட்கவே இந்த மடல்.

முதலில் பலகைகளில் வழக்கமாக வரும் பிழைகள்.

ஐ.என்.ஏ.வைத் தோற்றுவித்தவர் நேதாஜி என்று எழுதாதீர்கள். 1942 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூர் வீழ்ந்தது. இரண்டு நாள் கழித்து ஃபேரர் பார்க் மைதானத்தில் இந்தியப் போர்க் கைதிகள் ஜப்பானியரிடம் ஒப்படைக்கப்பட்டார்கள். அவர்களைக் கொண்டு முதல் ஐ.என்.ஏ.வை அமைத்தவர் கேப்டன் மோகன் சிங். ஜப்பானியரோடு முரண்பட்டு அந்த ஆண்டு டிசம்பரிலேயே அவர் அதைக் கலைத்தார். இடையில் இயக்கத்தைத் தாங்கிப் பிடித்தவர், ஜப்பானில் தஞ்சம் புகுந்திருந்த மூத்த புரட்சியாளர் ராஷ் பிஹாரி போஸ். நேதாஜி 1943 ஜூலை 2 அன்று சிங்கப்பூர் வந்தார், 4 ஆம் தேதி கேத்தே கட்டடத்தில் தலைமையை ஏற்றார், மறுநாள் படையைப் பார்வையிட்டார். உடைந்து கிடந்ததை எடுத்துக் கட்டினார் என்பதே உண்மை. அவருக்கு அது குறைவான பெருமையா என்ன?

கொடி விஷயத்தில் எல்லோரும் தடுக்கி விழுகிறார்கள். பாயும் புலி போட்ட மூவர்ணம் ஜெர்மனியில் இருந்த இந்தியப் படைப்பிரிவின் அடையாளம். கிழக்காசியாவில் நேதாஜியின் தற்காலிக அரசு ஏற்றியது ராட்டை போட்ட மூவர்ணக் கொடி. சிங்கப்பூர், பர்மா காட்சிகளுக்குப் புலிக்கொடி வரைந்தால் இரண்டு கண்டங்களைக் கலந்துவிட்டீர்கள் என்று பொருள். அதேபோல, மணிப்பூரின் மொய்ராங்கில் 1944 ஏப்ரல் 14 அன்று கொடி ஏற்றியவர் கர்னல் ஷௌகத் மாலிக். நேதாஜி அங்கே இல்லை. அவர் தம் கையால் ஏற்றியது 1943 டிசம்பர் 30 அன்று போர்ட் பிளேரில்.

நீர்மூழ்கிப் பயண வரைபடத்தில் கோட்டைச் சூயஸ் வழியாக இழுத்துவிடுகிறார்கள். ஜெர்மானிய யூ-180 கப்பல் 1943 பிப்ரவரி 9 அன்று கீல் துறையிலிருந்து புறப்பட்டு ஆப்பிரிக்காவைச் சுற்றி வந்தது. ஏப்ரல் இறுதியில், மடகாஸ்கருக்குத் தென்கிழக்கே கொந்தளித்த கடலில், ரப்பர் படகு மூலம் அவரும் அவருடைய செயலாளர் ஆபித் ஹசனும் ஜப்பானிய நீர்மூழ்கி ஐ-29க்கு மாறினார்கள். சுமத்ராவின் சபாங்கில் கரை இறங்கியது மே மாதம். கிட்டத்தட்ட மூன்று மாதம் கடலுக்கடியில்.

ஹிட்லர் போல வேடமிட்டு வந்தவர்களிடம் ஏமாறாத நேதாஜி, பின்னாலிருந்து ஒருவர் தோளைத் தொட்ட மாத்திரத்தில் "ஹிட்லர்" என்று கண்டுபிடித்தாராமே, அந்தக் கதையைத் தயவுசெய்து மாணவர்களுக்குப் பேச்சுப் போட்டியில் எழுதிக் கொடுக்காதீர்கள். 1942 மே இறுதியில் நடந்த அந்த ஒரே சந்திப்பில் நேதாஜி கேட்டது இந்திய விடுதலையை ஆதரித்து வெளிப்படையான அறிவிப்பு. ஹிட்லர் கொடுக்கவில்லை. கைதட்டல் வராது, ஆனால் அவர் ஏன் ஜெர்மனியை விட்டுக் கிழக்கே வந்தார் என்பது இதிலிருந்துதான் புரியும்.

இனி, உங்கள் விழாவில் பாதி இடத்தையாவது எடுத்துக்கொள்ள வேண்டிய பகுதி.

போருக்கு முன் மலாயாவில் சுமார் 7 லட்சம் இந்தியர்கள். மிகப் பெரும்பாலோர் தமிழர், அவர்களில் பெரும்பாலோர் ரப்பர் தோட்டத்துக்காரர்கள். ஜப்பான் வந்ததும் ரப்பர் வாங்கும் நாடுகள் எதிரி நாடுகளாயின. பால் வெட்டி என்ன பயன்? கூலி நின்றது. அரிசி பர்மாவிலிருந்தும் சயாமிலிருந்தும் (இன்றைய தாய்லாந்து) வர வேண்டியிருந்ததால் அதுவும் சுருங்கியது. மரவள்ளிக்கிழங்குதான் சோறு. இந்த நிலையில் தோட்டத்துக்கு லாரி வரும், ஆட்களை ஏற்றிச் சயாமுக்குக் கொண்டுபோகும்.

அங்கே ஜப்பானியர் போட்டது, மரண ரயில் பாதை என்று பின்னர் பெயர் பெற்ற, 415 கிலோமீட்டர் நீளமுள்ள சயாம்-பர்மா ரயில் பாதை. நேச நாட்டுப் போர்க் கைதிகள் சுமார் 60,000 பேரைப் பற்றிப் படங்களும் கல்லறைத் தோட்டங்களும் உண்டு. அவர்களைப்போல மூன்று மடங்குக்கும் மேல் ஆசியத் தொழிலாளர்கள் அங்கே வேலை செய்தார்கள். காலராவிலும் பட்டினியிலும் செத்தவர்கள் பல பத்தாயிரம் பேர், அதில் மலாயாத் தமிழர் ஏராளம். பெயர்ப் பட்டியலும் இல்லை, ஆளுக்கொரு கல்லறைக்கல்லும் இல்லை. இரு முனைத் தண்டவாளங்களும் ஒன்று சேர்ந்தது 1943 அக்டோபர் 17 அன்று. நான்கு நாள் கழித்து, அக்டோபர் 21 அன்று, சிங்கப்பூரில் சுதந்திர இந்தியத் தற்காலிக அரசு அறிவிக்கப்பட்டது.

இந்த இரண்டு தேதிகளையும் ஒரே பலகையில் பக்கத்தில் பக்கத்தில் போடுங்கள். இதுவே எங்கள் முதன்மையான வேண்டுகோள். ஜப்பானின் ஆயுதத்தோடு ஜப்பானின் நட்பில் நின்ற ஓர் அரசு. அதே ஜப்பானின் லாரியில் ஏற்றப்பட்ட அதே மக்கள். தோட்டத்து இளைஞர்களில் ஒரு பகுதியினர் நாட்டுப் பற்றில் சேர்ந்தார்கள், ஒரு பகுதியினர் சயாம் லாரியிலிருந்து தப்பச் சேர்ந்தார்கள், பலருக்கு இரண்டும் சேர்ந்தே இருந்தது. இதைச் சொன்னால் அவர்கள் தியாகம் குறையும் என்று சிலர் பயப்படுகிறார்கள். குறையாது. அதுவரை "கூலி" என்று மட்டுமே அழைக்கப்பட்டவன் சீருடை போட்டு, கங்காணிக்கும் துரைக்கும் முன்னால் நிமிர்ந்து நடந்தது என்னவென்று அப்போதுதான் விளங்கும்.

நேதாஜி ஹிந்துஸ்தானியில் பேசினார். மலாயாக் கூட்டங்களில் அது தமிழில் மொழிபெயர்த்துச் சொல்லப்பட்டது. தற்காலிக அரசின் விளம்பர அமைச்சர் எஸ்.ஏ. அய்யர். பெண்கள் துறை கேப்டன் லட்சுமியிடம். சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்து 1940 இல் சிங்கப்பூர் போன டாக்டர் லட்சுமி சுவாமிநாதன் அவர்தான். ஐ.என்.ஏ.வின் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படையில் மொத்தம் ஆயிரம் பேர் அளவில் இருந்தார்கள். பெரும்பாலோர் எழுத்தறியாத தோட்டத்துப் பெண்கள். மலாயாவில் பிறந்த ஜானகி தேவர் பதின்பருவத்தில் சேர்ந்து அப்படையின் தலைமை வரை உயர்ந்தார், போருக்குப் பின் மலேசிய இந்தியர் அரசியலில் மூத்தவரானார். மாணவிகளைப் பேச வைப்பதென்றால் இவரைக் கொடுங்கள்.

நாடே இல்லாத அரசுக்கு வரி எங்கிருந்து வரும்? கூட்டங்களில் மாலையை ஏலம் விடுவது, நகை கழற்றித் தருவது என்பதெல்லாம் பலரும் அறிந்தது. அதற்கு அப்பால் மலாயாவிலும் பர்மாவிலும் வணிகர்களின் சொத்தைக் கணக்கிட்டுப் பங்கு கேட்டார்கள். தயங்கிய பணக்காரர்களிடம் நேதாஜி கடுமையாகவே பேசினார். கிள்ளிக் கொடுத்தவன், அள்ளிக் கொடுத்தவன், பிடுங்கப்பட்டவன் என மூன்று வகையும் உண்டு. சிங்கப்பூர் டேங்க் ரோடு செட்டியார் கோயிலுக்கு அழைத்தபோது, எல்லா மதத்தாரும் எல்லாச் சாதியாரும் உள்ளே வரலாமென்றால்தான் வருவேன் என்றார். கோயிலார் ஒப்புக்கொண்டார்கள். ஆபித் ஹசன் உட்பட அதிகாரிகளோடு உள்ளே போனார். சாதிச் சங்கத்தின் பெயரில் ஃபிளெக்ஸ் அடிக்கும் நண்பர்கள் இந்தச் செய்தியைப் பெரிய எழுத்தில் போட்டால் மகிழ்வோம்.

அந்தமானையும் மழுப்ப வேண்டாம். போர்ட் பிளேரில் கொடி ஏற்றிய பிறகு அங்கே ஆணையராக அனுப்பப்பட்டவர் ஏ.டி. லோகநாதன், நம் சென்னை மாகாணத்து மருத்துவ அதிகாரி. கைக்கு வந்தது கல்வித் துறை அளவே. காவலும் கடலும் ஜப்பானியக் கடற்படையிடமே இருந்தன. நேதாஜி வந்து போய் ஒரு மாதத்தில், 1944 ஜனவரி 30 அன்று, ஹம்ஃப்ரிகஞ்சில் 44 இந்தியர்களை ஒற்றர்கள் என்று குற்றஞ்சாட்டி ஜப்பானியர் சுட்டுக் கொன்றார்கள். இதே லோகநாதனைத்தான் 1945 ஏப்ரலில் ரங்கூனை விட்டு வெளியேறும்போது, சில ஆயிரம் வீரர்களோடு, அங்குள்ள இந்தியக் குடும்பங்களைச் சூறையிலிருந்து காக்க நேதாஜி விட்டுச் சென்றார். ஜப்பானியர் போய் பிரிட்டிஷார் வரும்வரை நகரம் பெரிதாகக் கொள்ளை போகவில்லை. இவரைத் தெரிந்த பள்ளி எத்தனை?

மணிப்பூரின் இம்பாலில் நடந்த சண்டையை விளக்க ஃபிளெக்ஸ் வேண்டாம், மைதானம் போதும். விளையாட்டுக் கோடு போடும் சுண்ணாம்புப் பொடி ஒரு மூட்டை, ஒரு நீளக் கயிறு. நூறு கிலோமீட்டருக்கு ஒரு மீட்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். சிங்கப்பூரிலிருந்து ரங்கூன் நேர்க்கோட்டில் 19 மீட்டர், ரங்கூனிலிருந்து இம்பால் 9 மீட்டர். வடமேற்காகக் கோடு போகட்டும். இடையில் மரண ரயில் பாதையை 4 மீட்டர் சிவப்புக் கோடாகப் போடுங்கள். இம்பாலுக்கு ஏறத்தாழ ஒரு மீட்டர் முன்பு சிந்த்வின் ஆற்றை நீலத்தில். பிள்ளைகளை நடக்கச் சொல்லுங்கள். முப்பது தப்படியில் முடியும் அந்தத் தூரத்தின் கடைசி இரண்டு தப்படிதான் மலையும் காடும், அங்கேதான் எல்லாம் போயிற்று.

தோல்வியின் காரணத்தையும் சொல்லுங்கள். ஜப்பானிய ஜெனரல் முதகுச்சி மூன்று டிவிஷன்களோடு 1944 மார்ச் 8 அன்று தாக்குதலைத் தொடங்கியபோது கையில் இருந்தது மூன்று வாரத்துக்கான உணவு. இம்பாலில் பிரிட்டிஷ் கிடங்குகளைப் பிடித்துச் சாப்பிடலாம் என்பது திட்டம். ஓட்டிப்போன மாடுகள் ஆற்றிலும் மலையிலும் செத்தன. கிடங்கு கைக்கு வரவில்லை. முற்றுகைக்குள் இருந்தவர்களுக்கு விமானத்தில் உணவு இறங்கியது. ஜூலை தொடக்கத்தில் தாக்குதல் நிறுத்தப்பட்டது. மூன்று வாரச் சோறு, பதினேழு வாரச் சண்டை, நடுவில் பருவமழை. ஐ.என்.ஏ.வின் காந்தி படைப்பிரிவு, இம்பால் விழப்போகிறது என்ற பேச்சை நம்பி, கனமான சாமான்களைப் பின்னால் விட்டுவிட்டு, இம்பாலுக்குத் தென்கிழக்கே உள்ள பலேல் பக்கம் போனது. முன்னணிக்குப் போன சுமார் 6,000 ஐ.என்.ஏ. வீரர்களில் சண்டையில் இறந்தவர் 400 அளவில், பசியிலும் மலேரியா, பேதியிலும் இறந்தவர் 1,500 அளவில் என்பது பிரிட்டிஷ் உளவுத் துறை அதிகாரி ஒருவர் போட்ட கணக்கு. சரணடைந்தவர்களும் ஓடிப்போனவர்களும் அதே கணக்கில் 1,500 பேர். ஜப்பானியர் தரப்பில் வந்த 85,000 பேரில் பாதிக்கு மேல் சாவு, காயம், நோய். "ஜப்பான் மோசம் செய்தது" என்று ஒரு வரியில் முடிப்பது எளிது. அவர்கள் தங்கள் ஆட்களையே பட்டினி போட்டார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

விபத்துக்கு ஒரே ஒரு பலகை. அதில் இவ்வளவு போதும்: 1945 ஆகஸ்ட் 18, தைவானின் தைஹோக்கு விமான நிலையம், குண்டுவீச்சு விமானம் மேலெழும்போது விழுந்து எரிந்தது, தீக்காயத்தோடு அன்றிரவு இராணுவ மருத்துவமனையில் மரணம், உடன் சென்ற ஐ.என்.ஏ. அதிகாரி ஹபிபுர் ரஹ்மான் உயிர் பிழைத்துச் சாட்சி சொன்னார், அஸ்தி அந்த ஆண்டு செப்டம்பரிலிருந்து டோக்கியோவின் ரென்கோஜி கோயிலில். மரணத்தை விசாரிக்க அரசு அமைத்த ஷா நவாஸ் குழு 1956 இலும், கோஸ்லா ஆணையம் 1974 இலும் இதை ஏற்றன. முகர்ஜி ஆணையம் 2005 இல் ஏற்கவில்லை. அந்த அறிக்கையை 2006 இல் மத்திய அரசு நிராகரித்தது. முத்துராமலிங்கத் தேவர் 1956 விசாரணைக்கு ஒத்துழைக்க மறுத்ததையும் நம் வட்டாரத்துக்காக ஒரு வரி சேர்க்கலாம். 2016 ஜனவரி 23 அன்று மத்திய அரசு நேதாஜி பற்றிய 100 கோப்புகளை வெளியிட்டது. மகள் அனிதா அந்த அஸ்திக்கு மரபணுச் சோதனை கேட்டு வருகிறார். விபத்தில் இறந்தார் என்பதே சான்றுகளின் எடை என்று நாங்கள் கருதுகிறோம். நீங்கள் வேறு கருதலாம். பலகை ஒன்றுக்கு மேல் போகக் கூடாது, அவ்வளவுதான்.

கடைசியாக, வாரிசுகள் வீட்டு ட்ரங்குப் பெட்டிகள். உங்கள் குழுவால் மட்டுமே செய்ய முடிந்த வேலை இது.

விழாவுக்கு மூன்று வாரம் முன்பே வீடு வீடாகச் சொல்லி வையுங்கள்: எதையும் லேமினேஷன் செய்யாதீர்கள். சூட்டில் ஒட்டிய பிளாஸ்டிக்கைப் பிறகு எடுக்கவே முடியாது. உள்ளேயே தாள் பழுத்துப் பொடியும். செல்லோடேப்பும் வேண்டாம், பசை ஊறி மஞ்சளாகி எழுத்தைத் தின்னும். அக்காலத்தில் ஊதா நிறக் காப்பியிங் பென்சிலில் எழுதுவார்கள். ஈரத்துணி பட்டால் பக்கம் முழுவதும் ஊதாவாகப் பரவிவிடும், துடைக்கவே கூடாது. துருப்பிடித்த குண்டூசியை இழுத்து எடுக்காதீர்கள். அடியில் ஒரு மெல்லிய பிளாஸ்டிக் துண்டைச் செருகி, துருவைத் தாளிலிருந்து விடுவித்து, மெல்ல நகர்த்துங்கள். சட்டக் கண்ணாடியோடு ஒட்டிக்கொண்ட போட்டோவைப் பிய்த்தால் முகம் கண்ணாடியில் தங்கிவிடும். கண்ணாடியோடு சேர்த்தே படம் எடுங்கள். பச்சை வேப்பிலை பூச்சிக்கு நல்லதுதான், ஆனால் ஈரத்தையும் கொண்டுவரும். காய்ந்ததைத் துணியில் கட்டிப் போடுங்கள். பெட்டியைச் சிமெண்ட் தரையில் வைக்காமல் பலகை மேல் வையுங்கள்.

கண்காட்சிக்கு அசலைக் கேட்காதீர்கள், நகல் போதும். ஸ்கேனர் இருந்தால் 600 டிபிஐ. இல்லையென்றால் கைபேசி: சன்னலோரம், நேர்வெயில் படாமல், ஃபிளாஷ் அணைத்து, தாளுக்கு நேர் மேலே பிடித்து, பக்கத்தில் ஓர் அளவுகோல் வைத்து, முன்பக்கம் பின்பக்கம் இரண்டும். பின்பக்கத்தைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். ஸ்டுடியோ முத்திரை, ஊர், தேதி எல்லாம் அங்கேதான் இருக்கும்.

2603, 2604 என்று ஆண்டு போட்டிருந்தால் எழுத்துப் பிழை என்று நினைத்து ஒதுக்காதீர்கள். ஜப்பானியப் பேரரசு ஆண்டு அது. 660 கழித்தால் 1943, 1944. "ஷோனான்" என்று ஊர்ப் பெயர் இருந்தால் சிங்கப்பூர். அப்போது மலாயாவில் டோக்கியோ நேரம் நடைமுறையில் இருந்தது, ஆகவே வானொலி நேரக் குறிப்புகளையும் கவனமாக எடுத்துக்கொள்ளுங்கள்.

நேதாஜி அரசின் ரூபாய் நோட்டு என்று சொல்லி அதிகம் காட்டப்படுவது வாழைமரம் போட்ட பத்து டாலர். அது ஜப்பானியர் மலாயாவுக்காக அச்சடித்தது, தற்காலிக அரசின் வங்கியான ஆசாத் ஹிந்து வங்கியுடையது அல்ல. எண் வரிசை எம் எழுத்தில் தொடங்கினால் மலாயா, பி என்றால் பர்மா. ஆசாத் ஹிந்து வங்கி 1944 ஏப்ரலில் ரங்கூனில் தொடங்கியது. அதன் பெயரில் உலவும் நோட்டுகளில் போலி நிறைய, ஆயிரக்கணக்கில் கொடுத்து வாங்கி ஏமாறாதீர்கள். ஐ.என்.ஏ.வுக்குப் பின்னால் நின்ற கிழக்காசிய இந்தியர் அமைப்பான இந்திய சுதந்திர லீக்கின் நன்கொடை ரசீது ஒன்று, கிழிந்திருந்தாலும், அதைவிட மதிப்புள்ளது. யார், எந்தத் தோட்டத்திலிருந்து, எவ்வளவு என்று அதில் இருக்கும்.

யாரும் கவனிக்காத இன்னொன்று தியாகி பென்ஷன் கோப்பு. 1972 இல் மத்தியத் திட்டம் வந்தபோது சிறை ஆவணம் இல்லாதவர்கள் உடன் சிறையிருந்தவரிடம் சான்று வாங்கித் தந்தார்கள். அந்த ஒரு தாளில் முகாம், காலம், தோழரின் பெயர், ஊர் எல்லாம் இருக்கும். பத்து வீட்டுச் சான்றுகளை வரிசையாக வைத்தால் ஒரு படைக் கம்பெனியே எழுந்து நிற்கும். போருக்குப் பின் பிரிட்டிஷார் ஐ.என்.ஏ. கைதிகளை வெள்ளை, சாம்பல், கறுப்பு என்று தரம் பிரித்தார்கள். கோப்பில் இந்தச் சொற்கள் வந்தால் நிறம் அல்ல, விசுவாச மதிப்பீடு. கறுப்பு என்றால் அவர்கள் பார்வையில் ஐ.என்.ஏ.வுக்கு உறுதியாக நின்றவர். பேரப்பிள்ளைகள் வெட்கப்பட வேண்டியதில்லை. நகல் வைக்கும்போது பென்ஷன் எண், வங்கிக் கணக்கு, இப்போதைய முகவரி ஆகியவற்றை மறைத்துவிடுங்கள்.

பலகை அளவுக்கு வருவோம். மூன்றடிக்கு நான்கடி, ஒன்றில் எண்பது சொல்லுக்கு மேல் வேண்டாம். பளபளப்புத் தாள் வெளிச்சத்தில் கண்ணைக் கூசச் செய்யும், மேட் கேளுங்கள். பலகையின் நடு தரையிலிருந்து நாலரை அடியில் இருந்தால் ஆறாம் வகுப்புப் பிள்ளையும் கழுத்தை நிமிர்த்தாமல் படிக்கும். ஊர்க்காரர் பெயர் வரும் பலகையை அச்சுக்குக் கொடுக்கும் முன் அந்தக் குடும்பத்தாரிடம் ஒருமுறை வாசித்துக் காட்டுங்கள். தாத்தாவின் தோட்டப் பெயரும் முகாம் பெயரும் திருந்துவது அங்கேதான்.

விழா முடிந்ததும் நகல்களை ஒரு செட் பள்ளி நூலகத்திலும் ஒரு செட் வீட்டாரிடமும் விடுங்கள். கைபேசியில் எடுத்த படங்களை வாட்ஸ்அப்பில் அனுப்பினால் தெளிவு போய்விடும். டாக்குமெண்டாக அனுப்புங்கள், அல்லது பென்டிரைவில் ஏற்றுங்கள். 24 ஆம் தேதி ஃபிளெக்ஸை அவிழ்ப்பவரிடம் அந்தப் பென்டிரைவைத் தேடச் சொல்ல வேண்டியிராமல், யார் பொறுப்பு என்று முன்கூட்டியே ஒருவர் பெயரை எழுதி வையுங்கள்.

அன்புடன்,
ஐ.என்.ஏ. ஆவணங்களோடு பழகிய சிலர்